மாமனாருக்கு வைத்த ஜெர்மன் கண்கள்

பத்திரிகையில் உதவியாசிரியராக இருப்பவனுக்கு ஒரு வியாதி உண்டு. எதைப் பார்த்தாலும் திருத்தத் தோன்றும். கல்யாணப் பத்திரிகை, ஹோட்டல் பலகை, பஸ்ஸில் பக்கத்து சீட்காரரின் பேச்சு, எதுவும் தப்பாது. (மனைவி எழுதிக் கொடுத்த மளிகைப் பட்டியலில் ஒற்றுப் போட்டுக் கொடுத்திருக்கிறேன். அன்றைக்குச் சாப்பாடு தாமதமானது.) அந்த வியாதி முற்றி, இறந்துபோன ஒருவரின் முகத்தையே நான் திருத்தப் போனேன். அவர் அப்போது என் வீட்டு உரிமையாளர். மாமனார் ஆனது அதற்குப் பிறகுதான்.

முடிச்சூர் சாலையிலிருந்து உள்ளே போகும் ஒரு தெருவில் அவர் வீடு. வயலாக இருந்து மனையாக மாறிய இடம். அந்த மாற்றம் தவளைகளுக்கு இன்னும் தெரிவிக்கப்படவில்லை என்பது மழை பெய்தால் புரியும். மாடியில் ஒற்றை அறையில் நான். கீழே சதாசிவம் சார், அவர் மனைவி கமலாம்மா, மகள் தேன்மொழி.

சதாசிவம் சார் மின்சார ரயிலில் கார்டாக இருந்து ஓய்வு பெற்றவர். வண்டியில் இருக்கும் எல்லோரும் வரப்போகும் ஸ்டேஷனைப் பார்க்க, கடைசிப் பெட்டியில் நின்று போய்விட்ட ஸ்டேஷனைப் பார்ப்பது கார்டின் வேலை. ஓய்வு பெற்ற பிறகும் அவர் அதையே தொடர்ந்தார். யார் முகத்தையும் பார்த்துப் பேசமாட்டார். நம் தோளுக்கு மேலே, நமக்குப் பின்னால் ஒரு பிளாட்பாரம் மெதுவாக விலகிப் போவதுபோலப் பார்ப்பார். அது எனக்கு வசதியாக இருந்தது. நானும் தேன்மொழியும் கல்யாணம் செய்துகொள்வதென்று முடிவு செய்திருந்தோம். அவள் பொத்தேரியில் ஒரு கல்லூரி நூலகத்தில் வேலை பார்த்தாள். அவள் அப்பாவிடம் கேட்பது மட்டும்தான் பாக்கி. ஞாயிற்றுக்கிழமைதோறும் கேட்கப் போவேன். "என்ன தம்பி?" என்று என் தோளுக்கு மேலே பார்த்துக் கேட்பார். "மாடிக் குழாய்ல தண்ணி ஒழுகுது சார்" என்று சொல்லிவிட்டுத் திரும்பிவிடுவேன். பாவம் அவர், ஸ்பேனரை எடுத்துக்கொண்டு மேலே ஏறி வந்து, நன்றாக இருந்த குழாயைக் கழற்றி மாட்டிவிட்டுப் போவார்.

இப்படியே இரண்டு வருடம் ஓடியது. ஒரு நாள் காலையில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த நாற்காலியிலேயே அவர் இறந்துபோனார். மாரடைப்பு.

இங்கே ஜெர்மன்காரரை அறிமுகப்படுத்தியாக வேண்டும். என் பத்திரிகையின் ஞாயிறு இணைப்பில் உலக சினிமா பற்றி எழுதும் பொறுப்பு எனக்கு. அந்த மாதம் நகரத்தில் ஜெர்மன் படங்கள் சில திரையிட்டார்கள். எல்லாப் படத்திலும் ஒருவர் இருந்தார். லோதார் விங்கல்மோசர். குணச்சித்திர நடிகர். கதாநாயகன் கதவைத் தட்டினால் திறப்பவர் அவர். பிணத்தை அடையாளம் காட்டுபவர் அவர். சில படங்களில் பிணமே அவர்தான். பாதிரியார், நீதிபதி, ஸ்டேஷன் மாஸ்டர், மருந்துக்கடைக்காரர் என்று சினிமாவிலும் டிவியிலுமாக ஒரு முழு ஆயுள் நடித்திருந்தார். கடைசியில் ஓடும் பெயர்களில் அவர் பெயர் வரும்போது ஜனங்கள் இருட்டில் செருப்பைத் தேடிக்கொண்டிருப்பார்கள்.

அவருடைய மூலதனம் கண்கள். வசனம் குறைவு. வந்து நிற்பார், பார்ப்பார். அவ்வளவுதான். பார்க்கப்பட்டவன் உண்மையைக் கக்கிவிடுவான், இல்லையென்றால் அடுத்த காட்சியில் இருக்கமாட்டான். "பார்வையால் தீர்ப்பெழுதும் கலைஞன்" என்று தலைப்பிட்டு அவரைப் பற்றி அரைப்பக்கம் எழுதினேன். (அந்தத் தலைப்புக்காக என்னை நானே பல நாள் பாராட்டிக்கொண்டேன்.) கட்டுரையோடு போட அவருடைய கறுப்பு வெள்ளைப் புகைப்படம் ஒன்றைத் திரையிட்டவர்கள் சிடியில் கொடுத்திருந்தார்கள். அந்த சிடி என் பையிலேயே கிடந்தது.

சதாசிவம் சாரின் பதினாறாம் நாள் காரியத்துக்கு முன்பு, கமலாம்மாவின் தம்பி வேலாயுதம் என்னைக் கூப்பிட்டார். பல்லாவரத்தில் இருப்பவர், வங்கியில் கேஷியர். வீட்டில் இனி எல்லா முடிவும் அவருடையதுதான் என்பது அவர் உட்கார்ந்த தோரணையிலேயே தெரிந்தது.

"தம்பி, பதினாறாம் நாள் சாயங்காலம் படத்திறப்பு வெச்சிருக்கோம். மாமா கூட வேலை செஞ்சவங்க எல்லாம் வர்றாங்க. நீங்க பிரஸ்காரர். ஒரு நல்ல படமா ரெடி பண்ணுங்க."

"நல்ல போட்டோ ஒண்ணு குடுங்க சார்."

"அதுதான் இல்ல" என்றார் கமலாம்மா. "கேமராவ கண்டா கண்ண மூடிடுவாரு தம்பி. கல்யாண போட்டோலயே மூடிக்கினுதான் நிக்கறாரு. பார்க்கறவங்க, தூங்கற மாப்பிள்ளைக்கு எப்படிம்மா கழுத்த நீட்டினேன்னு கேப்பாங்க."

ஆல்பம் முழுக்கப் புரட்டினோம். எல்லாவற்றிலும் மூடிய கண்கள். இருப்பதில் நல்லது, ஓய்வு பெற்ற அன்று எடுத்தது. வெள்ளைச் சட்டை, மாலை, முகம் துல்லியம், கண் மட்டும் இறுக மூடியிருந்தது. இறந்தவரின் படத்தில் கண் மூடியிருந்தால் அது படமாக இருக்காது, செய்தியாக இருக்கும்.

"எப்படியாவது பண்ணிக் குடுங்க. நம்ம வூட்டுப் பையனா நெனைச்சு சொல்றேன்" என்றார் வேலாயுதம்.

நம் வீட்டுப் பையன்! நான் மிதந்துகொண்டே பம்மலுக்கு ஷேர் ஆட்டோ ஏறினேன்.

பம்மல் மெயின் ரோட்டில் அந்த ஸ்டுடியோ. உரிமையாளர் குமார் படத்தை வாங்கி ஸ்கேன் செய்து திரையில் பெரிதாக்கினார்.

"இன்னா சார், கண்ண மூடிகினு கீறாரு?"

"எல்லாப் படத்திலயும் இப்படித்தான்."

"ஃபீல் பண்ணாத சார். கண்ணு நம்மகிட்ட கீது."

மவுஸைத் தட்டினார். திரையில் ஒரு ஃபோல்டர் திறந்தது. அதில் கண்கள் மட்டும் இருந்தன. முகம் இல்லாமல், மூக்கு இல்லாமல், ஜோடி ஜோடியாக. எல்லாம் என்னைப் பார்த்தன.

"இது ஒரு ஹெட்மாஸ்டரோடது. வயசானவங்களுக்கு நல்லா செட்டாவும். இது எங்க மாமனாரு. சாந்தமா இருக்கும். லேடீஸுக்கு எங்க பெரிம்மா கண்ணு."

"இதை எல்லாருக்குமா வைக்கிறீங்க?"

"பின்ன? பாதி பேரு ரேஷன் கார்டு போட்டோவ எடுத்துகினு வர்றாங்க. அதுல கண்ணு எங்க கீது? ரெண்டு புள்ளிதான் கீது. நம்ம ஏரியால ஹெட்மாஸ்டர் கண்ணுதான் சார் ஜாஸ்தி."

பம்மலில் எத்தனை ஹால்களில், எத்தனை மாலைகளுக்கு நடுவிலிருந்து, அந்த ஒரே ஹெட்மாஸ்டர் அத்தனை குடும்பங்களையும் பார்த்துக்கொண்டிருக்கிறார்! நியாயமாக நான் அப்போதே எழுந்து வந்திருக்க வேண்டும். ஆனால் எனக்குள் இருந்த உதவியாசிரியன் விழித்துக்கொண்டான். என் வருங்கால மாமனாருக்கு ஊர்ப்பொதுக் கண்ணா? பையிலிருந்து சிடியை எடுத்தேன்.

"இதுல ஒருத்தர் இருக்கார் பாருங்க. நெத்தி, புருவம் எல்லாம் சாருக்கு அப்படியே ஒத்துப்போகும்."

குமார் படத்தைத் திறந்தார்.

"யாரு சார் இது? இப்டி பார்க்கறாரு."

"ஜெர்மன் நடிகர்."

"வில்லனா?"

"குணச்சித்திரம்."

"அப்டின்னா?"

"நல்லவனா கெட்டவனான்னு கடைசி வரைக்கும் தெரியாது."

"அப்ப நம்ம ஏரியா ஆளுதான்" என்று வேலையைத் தொடங்கினார்.

வெட்டினார், ஒட்டினார், கறுப்பு வெள்ளைக்கு நிறம் ஏற்றினார். புருவத்தை லேசாக இழுத்துவிட்டார். திடீரென்று, ஆயுளில் முதல்முறையாக, சதாசிவம் சார் கண்ணைத் திறந்து எங்கள் இருவரையும் பார்த்தார். குமார் தன் நாற்காலியைக் கொஞ்சம் பின்னால் தள்ளிக்கொண்டார்.

"சார், இந்தக் கண்ண நானும் ஒரு காப்பி போட்டு வெச்சிக்கவா?"

தாராளமாக என்றேன். கலைஞனின் புகழ் பரவட்டும் என்ற எண்ணம்.

படத்திறப்பு வீட்டு வாசலில் ஷாமியானாவுக்குக் கீழே. பிளாஸ்டிக் நாற்காலிகள், டீ, காராபூந்தி. ஸ்டூல் மேல் படம், அதன் மேல் வெள்ளைத் துணி. சதாசிவம் சாருடன் வேலை பார்த்த ராஜமாணிக்கம் என்பவர் துணியை விலக்கினார்.

பேச்சு நின்றது. அது மரியாதையில் நின்ற மாதிரி இல்லை. ஓடிக்கொண்டிருந்த மிக்ஸி கரண்ட் போய் நிற்பதுபோல நின்றது. ஒரு குழந்தை வீறிட்டது. முன்வரிசையில் இருந்தவர்கள் தற்செயலாக நகர்வதுபோல நாற்காலியை இடப்பக்கம் இழுத்துப் போட்டார்கள். கண்கள் கூடவே வந்தன. வலப்பக்கம் இழுத்தார்கள். அங்கேயும் வந்தன. டீ கொண்டுவந்த பெண்மணி படத்துக்கு முன்னால் போக வேண்டிய இடத்தில் வீட்டைச் சுற்றிக்கொண்டு போனார்.

விசித்திரம் என்னவென்றால், இது அவர் கண் இல்லை என்று ஒருவராலும் சொல்ல முடியவில்லை. அவர் யாரையும் நேராகப் பார்த்ததில்லையே, எதை வைத்து ஒப்பிடுவார்கள்?

ராஜமாணிக்கம் புகழுரையைத் தாளில் எழுதிக்கொண்டு வந்திருந்தார். படத்தைப் பார்த்தார். தாளைப் பார்த்தார். மறுபடி படத்தைப் பார்த்துவிட்டுத் தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்தார்.

"சதாசிவம்..." என்றார். "அன்னிக்கு ரன்னிங் ரூம்ல நீ டூட்டி முடிஞ்சு தூங்கினப்ப உன் மீன் கொழம்பு டப்பாவ காலி பண்ணது பூனை இல்லப்பா. நான்தான்."

யாரோ சிரிக்க ஆரம்பித்து, கண்கள் அந்தப் பக்கம் பார்ப்பது தெரிந்ததும் நிறுத்திக்கொண்டார். அடுத்தது வேலாயுதம், பூ போட வந்தார். கையில் இருந்த பூ கீழே விழுந்தது.

"அப்படிப் பார்க்காதீங்க மாமா. தேன்மொழிக்கு நல்ல எடம்னுதான் பேசினேன். பையன் ஆவடில சூப்பர்வைசர். வருஷம் திரும்பறதுக்குள்ள கல்யாணத்த முடிச்சுடணும்னு... அக்காகிட்ட அப்பறமா சொல்லிக்கலாம்னு..."

"என்னடா சொல்ற?" என்றார் கமலாம்மா.

தேன்மொழி என்னைப் பார்த்தாள். நான் படத்தைப் பார்த்தேன். படம் என்னைப் பார்த்தது. உடனே ஷாமியானாக் கயிற்றின் முடிச்சை மிகக் கவனமாக ஆராயத் தொடங்கினேன்.

படத்தை ஹாலில் டிவிக்கு மேலே மாட்டினார்கள். ஆணி அங்கேதான் இருந்தது. முன்னால் ஒரு சிவப்பு ஜீரோ வாட் பல்பு. அன்றிலிருந்து அந்த வீட்டில் பட்டப்பகலிலும் ஒரு விதமான அமைதி. வந்தவர்கள் ஹாலில் உட்காராமல் சமையலறை வாசலில் நின்றே பேசிவிட்டுப் போனார்கள். பால்காரர் வாசலில் நின்று கேனைச் சாய்க்கும்போது தற்செயலாக உள்ளே எட்டிப் பார்த்தார். மறுநாளிலிருந்து பால் கெட்டியானது. வேலாயுதம் பின்கட்டு வழியாக வரப் பழகிக்கொண்டார்.

தண்ணீர் மோட்டாரின் சுவிட்ச் அந்தப் படத்துக்குக் கீழே, டிவியை ஒட்டி. தினமும் காலையில் அதைப் போடுவது என் பொறுப்பு. சுவரோடு சுவராக உரசிக்கொண்டு பல்லிபோல் போவேன். ஒரு நாள் கண்ணை மூடிக்கொண்டு போய், மோட்டாருக்குப் பதில் மின்விசிறியைப் போட்டுவிட்டேன். மாலை அசைந்தது. நான் மாடிப்படி ஏறிய வேகத்தை அதற்கு முன்பும் பின்பும் எட்டியதில்லை.

"இது யாரோட கண்ணு?" என்று தேன்மொழி ஒரு நாள் தாம்பரம் ஸ்டேஷனில் வைத்துக் கேட்டாள். சொன்னேன். முதலில் சிரித்தாள். பிறகு சட்டென்று நிறுத்தி, "இங்க சிரிச்சா அங்க கேக்குமா?" என்றாள். அவள் படித்தவள். நூலகத்தில் வேலை பார்ப்பவள். "கேக்காது" என்று நான் சொல்வதற்கும் கொஞ்சம் நேரமானது.

"அம்மாகிட்ட மட்டும் சொல்லாதீங்க. தெனமும் அதுகிட்ட பேசறாங்க. அப்பா இருந்தப்ப இவ்வளவு பேசி நான் கேட்டதே இல்ல."

இதற்கிடையில் குமார் சும்மா இருக்கவில்லை. ஒரு நாள் பம்மலில் பஸ்ஸுக்காக நின்றபோது எதிர்ச்சுவரில் ஒரு கண்ணீர் அஞ்சலி போஸ்டர். இட்லிக்கடை வைத்திருந்த ஒரு அம்மாள். சிரித்த முகம். அதற்குள்ளிருந்து ஜெர்மன்காரர் என்னைப் பார்த்தார். அடுத்த சுவரில் ஆட்டோ டிரைவர் ஒருவர், அதே கண்கள். டீக்கடை ஓரத்தில் ஒரு வட்டச் செயலாளர், அதே கண்கள். பொழிச்சலூர் போகும் வழியெல்லாம் மீசையோடும் பொட்டோடும் மூக்குத்தியோடும் அவர் மாறி மாறி வந்தார். ஆயுள் முழுக்க நடித்தும் அவருக்குக் கிடைக்காத கதாநாயகன் வேடம் பம்மலில் வாராவாரம் கிடைத்துக்கொண்டிருந்தது. நான் பஸ்ஸில் ஏறி ஜன்னல் பக்கம் உட்காராமல் நடுவில் நின்றுகொண்டேன்.

ஆவடிக்காரர்கள் பெண் பார்க்க வந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம். மாடியிலிருந்து நாற்காலி இறக்கித் தரச் சொல்லி வேலாயுதம் கூப்பிட்டார். (என் காதலியைப் பார்க்க வருகிறவன் உட்கார நானே நாற்காலி துடைத்துப் போட்டேன்.) மாப்பிள்ளை, அவர் அம்மா, அப்பா. அம்மாவின் பட்டுப்புடவை சரசரத்தது. டிவி ஓடிக்கொண்டிருந்தது.

"அக்கா, டிவிய அணைக்கா" என்றார் வேலாயுதம்.

"இருடா. இன்னிக்கு என்னவா வர்றாருன்னு பார்த்துட்டு அணைக்கறேன்" என்றார் கமலாம்மா. அவர் என்ன சொல்கிறார் என்று யாருக்கும் புரியவில்லை.

ஏதோ ஒரு சேனலில் வெளிநாட்டுத் துப்பறியும் தொடர் ஒன்றைத் தமிழில் பேசவைத்து ஒளிபரப்பிக்கொண்டிருந்தார்கள். வாரம் ஒரு கதை. திரையில் பனி கொட்டும் ஒரு சின்ன ஊர். மருந்துக்கடை. மணி ஒலிக்கக் கதவைத் திறந்துகொண்டு ஓர் இளைஞன் வருகிறான். கவுன்ட்டருக்குப் பின்னால் குனிந்திருந்த கடைக்காரர் நிமிர்கிறார். முகம் திரையை நிறைத்தது. என் கையில் இருந்த நாற்காலி நழுவியது.

"வாங்க தம்பி. உங்களைத்தான் எதிர்பார்த்துக்கிட்டிருந்தேன்" என்றார் லோதார் விங்கல்மோசர், கணீரென்ற தமிழில்.

அப்போதுதான் நாற்காலியில் அமர்ந்த மாப்பிள்ளை நிமிர்ந்து பார்த்தார். தேன்மொழி காபித் தட்டோடு வந்தாள். அவர் டம்ளரை எடுத்து உதட்டருகே கொண்டுபோனார். டிவியில் கடைக்காரர் ஒரு சிறிய புட்டியை நீட்டினார்.

"பயப்படாமக் குடிங்க. கசப்பு கொஞ்ச நேரந்தான்."

டம்ளர் அந்தரத்தில் நின்றது. மாப்பிள்ளையின் அம்மா டிவியைப் பார்த்தார். தலையைத் தூக்கி, அதற்கு மேலே மாலைக்கும் சந்தனப்பொட்டுக்கும் நடுவில் சிவப்பு வெளிச்சத்தில் இருந்த முகத்தைப் பார்த்தார். மறுபடி டிவி. மறுபடி படம்.

"இவரு... எப்ப தவறினாருன்னு சொன்னீங்க?" என்றார் மிக மெதுவாக.

"மூணு மாசம் ஆச்சு" என்றார் வேலாயுதம். அவர் பார்வையும் டிவியில்தான் இருந்தது.

"அப்ப இது யாரு?"

டிவியில் அந்த இளைஞன் தொண்டையைப் பிடித்துக்கொண்டு சரிந்தான். மாப்பிள்ளையின் கையிலிருந்த டம்ளரும் விழுந்தது. அவர் எழுந்து படத்துக்கு முன்னால் கைகட்டி நின்றார்.

"சார், எனக்கு இதுல இஷ்டமில்ல சார். எனக்கு அம்பத்தூர்ல வேற ஒரு பொண்ணு இருக்கு சார். அம்மாவுக்குத் தெரியாது."

"டேய்!" என்றார் அம்மா.

மூன்று பேரும் செருப்பை மாட்டாமல் கையில் எடுத்துக்கொண்டு தெருமுனை வரை போனதைப் பார்த்ததாக எதிர்வீட்டில் சொன்னார்கள்.

வேலாயுதம் என் பக்கம் திரும்பினார். "தம்பி. படம் ரெடி பண்ணது நீங்கதானே. டிவில இருக்கற ஆளு யாரு?"

ஒருவரைப்போல ஏழு பேர் இருப்பார்கள் என்று சொல்லித் தப்பித்திருக்கலாம். அந்த வாக்கியம் தயாராகவும் இருந்தது. ஆனால் நான் நின்ற இடம் படத்துக்கு நேர் எதிரே. வாயைத் திறந்தேன், எல்லாம் வந்துவிட்டது. சிடி, குமார், ஹெட்மாஸ்டர் கண், விங்கல்மோசரின் வாழ்க்கை வரலாறு, என் கட்டுரைத் தலைப்பு. யாரும் கேட்காமலேயே, அந்தப் படங்களில் பாதியை நான் ஏசியில் தூங்கிக் கழித்ததையும், கட்டுரையைத் துண்டுப்பிரசுரத்தைப் பார்த்து எழுதியதையும்கூடச் சொன்னேன்.

"எங்க மாமா மூஞ்சில வெள்ளைக்காரன் கண்ணா? மொதல்ல இத்த எறக்கறேன். அப்பறம் நீ ரூம காலி பண்ற!" வேலாயுதம் ஸ்டூலைப் போட்டு ஏறினார். படத்தைக் கழற்றக் கையைத் தூக்கினார். முகத்துக்கு நேரே முகம். அப்படியே கொஞ்ச நேரம் நின்றார். பிறகு இறங்கி, ஸ்டூலை எடுத்த இடத்திலேயே வைத்தார்.

கமலாம்மா டிவியின் ஒலியைக் குறைத்தார்.

"யாரும் தொட வேணாம். அவரு கண்ணு இல்லன்னு எனக்குத் தெரியாதா? கட்டின நாள்லருந்து என் மூஞ்சிய நேரா பார்க்காதவரு செத்த பொறவா பார்க்கப் போறாரு? யாரு கண்ணுன்னும் எனக்குப் போன மாசமே தெரியும். ஒரு ஞாயித்துக்கெழம பாதிரியார்னாங்க. அடுத்த வாரம் ஜட்ஜு. அப்பறம் ஸ்டேஷன் மாஸ்டரு. இன்னிக்கு மருந்துக்கட. பாவம், ஒரு வேலைலயும் நெலைக்க மாட்டேங்கறாரு."

அவர் வேலாயுதத்தின் பக்கம் திரும்பினார்.

"இது வந்தப்பறம்தான் இந்த வூட்ல எல்லாரும் உண்ம பேசறீங்க. நீ ஆவடிய சொன்ன. அந்தப் புள்ள அம்பத்தூர சொல்லிச்சு. இத்தினி வருஷத்துல யாராவது என்கிட்ட எதையாவது வந்து சொல்லியிருக்கீங்களா?" அவர் என்னைப் பார்த்தார். "நீங்க சொல்லாதது இன்னும் ஒண்ணு கீது தம்பி. என்கிட்ட வேணாம். அவரப் பார்த்து சொல்லுங்க."

இரண்டு வருடமாக ஒத்திகை பார்த்த வாக்கியம். ஆனால் அது என்னைப் பார்க்கவே பார்க்காத ஒருவருக்காகத் தயாரித்தது. இவரோ பார்ப்பதைத் தவிர வேறு எதுவும் செய்யாதவர். கீழே டிவியில் சத்தமில்லாமல் பெயர்கள் ஓடின. சிவப்பு பல்பு லேசாக மினுங்கியது. வெளியே நல்ல வெயில், தெருவில் ஐஸ் வண்டி மணி அடித்துக்கொண்டு போகிறது. எனக்கு மட்டும் பனி கொட்டும் ஊரில் ஒரு கவுன்ட்டருக்கு முன்னால் நிற்பதுபோல இருந்தது.

"சார்," என்றேன். "தேன்மொழியை நான் கல்யாணம் பண்ணிக்கணும்." அதோடு நிறுத்தியிருக்கலாம். கண்கள் விடவில்லை. "குழாய் நல்லாத்தான் சார் இருந்துது. ஒரு தடவகூட ஒழுகல."

தேன்மொழி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். அழுகிறாள் என்று நினைத்தேன். தோள் குலுங்கியதைப் பார்த்தால் அது அழுகை இல்லை.

கமலாம்மா படத்தைக் கொஞ்ச நேரம் கூர்ந்து பார்த்தார்.

"சரின்னுட்டாரு."

"உனக்கு எப்படிக்கா தெரியும்?" என்றார் வேலாயுதம், ஈனக்குரலில்.

"வேணாம்னு நெனைச்சிருந்தா அடுத்த சீன்ல இந்தத் தம்பி இருந்திருக்காது. நீதான் அந்தத் தொடர பார்க்கறதில்லையே."

வருஷம் திரும்புவதற்குள் தாம்பரத்தில் ஒரு சின்ன மண்டபத்தில் எங்கள் கல்யாணம் நடந்தது. பெண்ணின் அப்பா இடத்தில் ஒரு நாற்காலி போட்டுப் படத்தை வைத்தார்கள். அதன் காலில் விழுந்து எழுந்தோம். மொய் எழுதியவர்கள் எல்லாம் வேறு எங்கும் பார்க்காமல் எழுதிவிட்டுப் போனார்கள். பந்தியில் ஒருவர்கூட இரண்டாம் முறை பாயசம் கேட்கவில்லை. சமையல்காரர் தானாகவே வந்து, ஒரு தூக்கு நெய்யைத் திருப்பிக் கொடுத்தார்.

சில வருடங்கள் கழித்து ஒரு மதியம், அலுவலகத்தில் வெளிநாட்டுச் செய்திகளைத் தள்ளிக்கொண்டிருந்தபோது அந்த வரி வந்தது. ஜெர்மன் குணச்சித்திர நடிகர் லோதார் விங்கல்மோசர் காலமானார். உட்கார்ந்து ஒரு பத்தி எழுதினேன். தெரிந்ததை மட்டும் எழுதினேன். இடமில்லை என்று அதையும் இரண்டு வரியாக்கி, வானிலை அறிக்கைக்குப் பக்கத்தில் போட்டார்கள். வீட்டுக்குப் போன் செய்து மாமியாரிடம் சொன்னேன். "அப்படியா" என்றார். போனை வைத்துவிட்டார்.

சாயங்காலம் நான் போனபோது அவர் தலைக்குக் குளித்து, ஈரக் கூந்தலை முடிந்துகொண்டு ஹாலில் நின்றிருந்தார். படத்துக்குப் புது மாலை. கீழே ஒரு தட்டில் பிரட், ஜாம், ஒரு டம்ளர் காபி.

"அந்த ஊர்ல என்ன சாப்பிடுவாங்கன்னு தெரியல மாப்பிள்ள."

நிமிர்ந்து பார்த்தேன். ஏதோ சரியில்லை. அதே படம்தான், குமார் போட்டுக் கொடுத்த அதே பிரிண்ட். இடப்பக்கம் நகர்ந்தேன். வலப்பக்கம் நகர்ந்தேன். கண்கள் கூட வரவில்லை. அவை என் தோளுக்கு மேலே, எனக்குப் பின்னால் எதையோ பார்த்துக்கொண்டிருந்தன. திரும்பிப் பார்த்தேன். வெறும் வாசல். முற்றிலும் வெறும் வாசல்தான். ஆனாலும் அதன் வழியாக ஏதோ மெதுவாக விலகிப் போய்க்கொண்டிருப்பதுபோல இருந்தது.

"இப்பதான் அசல் அவரு மாதிரியே இருக்காரு" என்றார் மாமியார், பல்பைப் போட்டுக்கொண்டே.

அதன் பிறகு எங்கள் வீட்டில் மறுபடியும் எல்லோரும் சரளமாகப் பொய் சொல்லத் தொடங்கினோம். விருந்தினர்கள் ஹாலில் சாய்ந்து உட்கார்ந்து மணிக்கணக்கில் பேசுகிறார்கள். வேலாயுதம் முன்வாசல் வழியாக வருகிறார். நான் அலுவலகத்தில் வேலை அதிகம் என்று சொல்லித் தாமதமாக வரும்போதெல்லாம், தேன்மொழி சாப்பாட்டுத் தட்டை வைத்துக்கொண்டே கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. எங்கள் சொந்தக்காரர்கள் வீடுகளிலும் இப்போது அதே கேள்விதான் புழக்கத்தில் இருக்கிறது.

"ஜெர்மன்காரர் உசுரோட இருந்தா இப்படிச் சொல்லுவீங்களா?"

"சொல்லுவேன்" என்றுதான் ஒவ்வொரு முறையும் சொல்கிறேன். ஹாலில் நின்று சொன்னதில்லை.